பிரியாணிப் பந்தியில் அழுத பெண்கள்

ஹாலஜன் விளக்கு சூடேறினால் ஒரு வாசனை வரும். தூசியும் ஈசலும் சேர்ந்து கருகும் வாசனை. போன வாரம் டிவி முன்னால் உட்கார்ந்திருந்தபோது அது என் மூக்கில் ஏறியது. வீட்டில் அப்படி ஒரு விளக்கே கிடையாது, பாருங்கள்.

மருமகள்தான் கூப்பிட்டாள். "மாமா, ஓடி வாங்க! அத்தை டிவியில வர்றாங்க!"

ஓடுகிற வயசா எனக்கு? நல்லவேளை, இப்போதெல்லாம் டிவியைப் பின்னால் ஓட்டலாம்.

பக்கத்து மில் மூடிய கதையைச் சொல்லும் டாகுமெண்டரி அது. பழைய வீடியோ ஒன்றில் எங்கள் மர்பி டவுன் பெண்கள் வரிசையாக உட்கார்ந்து கண்ணைப் பொத்திக்கொண்டிருக்கிறார்கள். நடுவில் என் பெண்டாட்டி ஸ்டெல்லா. வேலை போன வீடுகளின் கண்ணீர் என்று ஒருவர் கனத்த குரலில் சொல்கிறார். பின்னால் வயலின்.

அது கல்யாணப் பந்தி. தொண்ணூறுகளில் நான் வீடியோக்காரருக்கு லைட் பிடித்தேன். அவர் நிமிர்ந்து நடப்பார். நான் ஒயர் தடுக்காமல் நண்டு மாதிரி பக்கவாட்டில் நகர்வேன். சாப்பிடுகிறவர்களில் ஒருவரைப் படம் பிடிக்காமல் விட்டாலும் சண்டை வரும். அவ்வளவு வெளிச்சம் முகத்தில் விழுந்தால் யார்தான் கண்ணை மறைக்க மாட்டார்கள்? இடது கை கண்ணில், வலது கை பிரியாணியில். டிவியில் பிரியாணியை வெட்டிவிட்டார்கள்.

ஸ்டெல்லா அன்றைக்குச் சும்மா இருக்கவில்லை. "யோவ், மூஞ்சில அடிக்காதய்யா! கறி எது, எலும்பு எதுன்னே தெரியல!" பந்தியே சிரித்தது.

அவள் இறந்து வருஷங்களாகின்றன. போட்டோ இருக்கிறது, குரல் எதிலும் இல்லை. ஊர்க் கல்யாணத்துக்கெல்லாம் லைட் பிடித்தவன் வீட்டில் ஒரு கேசட் கிடையாது. அந்த டாகுமெண்டரி எடுத்த பெண்ணுக்குப் போன் போடும்படி மருமகளிடம் சொன்னேன்.

"அவங்க அழலம்மா. லைட்டு கூசுச்சு."

"ஐயோ, சாரி அங்கிள். அந்த ஷாட்ட எடுத்துடட்டுமா?"

"அது கெடக்கட்டும். சத்தம் இருக்குதா?"

"இல்ல அங்கிள். கல்யாண வீட்டுல குடுத்த கேசட்டு, ஓரம் பூரா பூஞ்சை. சத்தம் அந்த ஓரத்துலதான் பதிவாகும். படம் மட்டும்தான் தேறிச்சு. அதான் வயலின் போட்டோம்."

மில் இருந்த இடத்தில் இப்போது அடுக்குமாடி. பந்தி போட்ட மைதானத்தில் கார்கள். லைட் பிடிக்கவும் ஆள் வேண்டாம். கேமரா இருட்டிலேயே எடுத்துக்கொள்கிறது. யார் கண்ணும் கூசுவதில்லை, யாரும் திட்டுவதுமில்லை.

சாயங்காலமானால் மருமகள் அந்த இடத்தை மட்டும் எனக்குப் போட்டுக் காட்டுவாள். சத்தத்தை நிறுத்தச் சொல்வேன். ஸ்டெல்லாவின் வாய் அசையும்.

"அத்தை என்ன மாமா சொல்றாங்க?" என்று நேற்று கேட்டாள்.

"எலும்பு தெரியலயாம்" என்றேன்.