காண்ட்ராக்டர் கன்னையன்

தங்கவேலு முதலாளிக்குக் கன்னையன் பட்ட கடன் எட்டாயிரத்து நானூறு ரூபாய். அதில் ஒரு பைசாகூட ரொக்கமாக அவன் கைக்கு வரவில்லை. இரண்டு ஓவர்லாக், ஒரு பேட்லாக் என்று மூன்று பழைய தையல் மிஷின்களை முதலாளி அவன் பேருக்கு எழுதினார். அவற்றின் விலைதான் அது. வாரம் நூறு ரூபாய் பிடித்தம். எண்பத்தொன்பதாம் வருஷம், தை மாதம்.

மிஷின் கொடுக்க முதலாளி வேறு ஆளைத் தேடவில்லை. தேடினாலும் கிடைத்திருக்க மாட்டான். சும்மா சொல்லக் கூடாது, ஓவர்லாக்கில் உட்கார்ந்தால் கன்னையனுக்கு இணையாகத் திருப்பூரில் ஒருத்தன் கிடையாது. மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். குண்டடத்திலிருந்து மாற்று வேட்டி ஒன்றோடு பஸ் ஏறியவன். டெய்லருக்குத் துணி எடுத்துக் கொடுக்கிற கைமடி வேலையில் சேர்ந்து, இரண்டே வருஷத்தில் மிஷினைப் பிடித்தான். தைக்கும்போது பக்கத்தில் நின்று என்ன கேட்டாலும் பதில் சொல்வான். தையல் ஒரு இழை விலகாது. சங்கத்திலும் அப்படித்தான். கேட் மீட்டிங் என்றால் அவன் குரல்தான் முதலில் எழும்பும். மைக் வேண்டாத தொண்டை. அந்தத் தொண்டையைத்தான் முதலாளி மூன்று மிஷின் கொடுத்து அடைத்தார் என்பது மட்டும் கன்னையனுக்கு உறைக்கவில்லை.

கம்பெனி மாடியில் தகரக் கொட்டகை, மூன்று மிஷின், ஒன்பது பெண்கள். வெட்டி வரும் துணியைப் பனியனாகத் தைத்துக் கொடுக்க டஜனுக்கு இவ்வளவு என்று கூலி. படியேறுகிற இடத்தில் ‘கே. கன்னையன், காண்ட்ராக்டர்’ என்று மஞ்சள் பெயிண்டில் போர்டு எழுதி மாட்டினான். சங்கத்துக்குச் சந்தா கட்டுவதை நிறுத்தினான். காண்ட்ராக்டருக்குச் சங்கம் எதற்கு?

குண்டடத்தில் பண்ணையத்துக்குப் போகிற அவன் அப்பன் வெள்ளையனைத் தோட்டத்துக்காரர் வீட்டுப் பொடிசுகள்கூட ‘டேய்’ என்றுதான் கூப்பிடும். அறுபது வயசுக்காரர் ‘சொல்லுங்க சாமி’ என்று ஓடுவார். அதே ஊரில், அந்த மாசியில், மளிகைக்கடைக்காரர் கன்னையனைப் பார்த்து, “வாங்க காண்ட்ராக்டர்” என்றார். அந்த ‘ங்க’வுக்கு எட்டாயிரம் என்ன, எண்பதாயிரம் கடன்படலாம் என்று அவனுக்குத் தோன்றியது.

ஆனியில் வந்தது வம்பு. விலைவாசி ஏறுவதற்குத் தக்கபடி தரவேண்டிய பஞ்சப்படியைச் சங்கம் பேசி, கம்பெனியில் கீழே வேலை செய்தவர்களுக்கு வாங்கிக் கொடுத்தது. ஆறு மாதப் பாக்கி, ஆளுக்கு இருநூற்று அறுபது ரூபாய். மாடிக்குக் கிடையாது. மாடி காண்ட்ராக்ட்.

மாடியில் கைமடியாக இருந்த சீனியம்மாள் சங்கரன்கோயில் பக்கத்துக்காரி. வாய்க்குப் பூட்டு கிடையாது.

“அண்ணாச்சி, எல்லாரும் ஒரே கேட்டு வழியாத்தானே வாரோம்? கீழ உள்ளவளுக்கு மட்டுந்தான் பஞ்சமா? மாடியில அரிசி மலிவா விக்காவளோ?”

“அவிய மொதலாளி ஆயிட்டாங்கக்கா. நீ எதுக்கு அரிசி வெலையெல்லாம் அவியகிட்டக் கேக்கறே?” என்றாள் உள்ளூர்க்காரி மயிலாள். கொட்டகையே சிரித்தது. “வேலையைப் பாருங்க” என்று கன்னையன் அதட்டினான். மைக் வேண்டாத தொண்டை அன்றைக்குக் கம்மிக்கொண்டது.

மறுவாரம் லேபர் ஆபீசிலிருந்து நோட்டீஸ் வந்தது. எழுத்துக்கூட்டிப் படித்தான். ஒன்பது பேரும் சங்கத்தின் மூலமாகப் புகார் கொடுத்திருந்தார்கள். யார் மேல் என்றால், காண்ட்ராக்டர் கே. கன்னையன் மேல். நோட்டீசை எடுத்துக்கொண்டு நேரே சங்க ஆபீசுக்குப் போனான். செயலாளர் காசிமாயன் பழைய கூட்டாளி. உசிலம்பட்டிப் பக்கத்து ஆள்.

“என்னப்பா காசிமாயா, என்ற மேலயே பெட்டிசனா? நாம ரெண்டு பேரும் ஒரே கேட்ல நின்னு கத்துனவங்கதானே?”

“போர்டுல உங்க பேருதானண்ணே இருக்கு. பெயிண்டு காஞ்சிருச்சுல்ல?”

“நக்கல் வேண்டாம். பழைய சந்தாவையெல்லாங் கட்டிப்போடறேன், என்னையுஞ் சேத்துக்க.”

“காண்ட்ராக்டரைச் சேக்கச் சங்கத்துல எடமில்லண்ணே. நான் காண்ட்ராக்டர் இல்லைன்னு நீங்க சொல்லணும். எங்கிட்ட இல்ல. லேபர் ஆபீஸ்ல, அத்தனை பேரு முன்னால.”

அங்கிருந்து முதலாளியிடம் போனான். தங்கவேலு முகத்தில் கோபமே இல்லை.

“குடுத்துட வேண்டீதுதானே கன்னையா? உன்ற ஆளு, உன்ற பொறுப்பு.”

“ஒம்பது பேத்துக்கு ரெண்டாயிரத்து முந்நூத்தி நாப்பதுங்க மொதலாளி. நான் எங்க போவேனுங்க?”

“எங்கயும் போகவேண்டாம். நான் தர்றேன், உன்ற கடன்ல ஏத்திக்கலாம். லேபர் ஆபீஸ்ல ‘நான்தான் காண்ட்ராக்டர்’னு ஒரு வார்த்த சொல்லு, போதும். மாத்திச் சொன்னயின்னா மிஷின் மூணும் அன்னைக்கே கீழ எறங்கிரும். கட்டுன பணம் வாடகையாப் போயிரும்.”

கன்னையனுக்குக் கணக்கு மட்டும் யாரும் சொல்லித் தரவேண்டியதில்லை. இருபத்து நாலு வாரம் கட்டி, கடனை ஆறாயிரத்துக்குக் கொண்டுவந்திருந்தான். இதையும் ஏற்றினால் மறுபடியும் எட்டாயிரத்து முந்நூற்று நாற்பது. தையில் நின்ற இடத்திலேயே ஆனியிலும் நிற்க வேண்டியதுதான். அடுத்த பஞ்சப்படி வரும்போது அதுவும் தலையில் ஏறும். மாட்டேன் என்றால் மிஷினும் போகும், கட்டியதும் போகும், பேரும் போகும். எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவராக இருந்தது.

வீட்டில் மனைவி வேலாத்தாள் ஒரு கல்யாணப் பத்திரிகையை நீட்டினாள். அவள் அண்ணன் மகளுக்குக் கல்யாணம்.

“ஏனுங்க, இதப் பாத்தீங்களா? உங்க பேருக்கு முன்னால காண்ட்ராக்டர்னு அச்சுப் போட்டிருக்கறாங்க. எரநூறு பத்திரிகை. குண்டடத்துல ஊடு ஊடாக் குடுத்தாச்சுங்க.”

அவன் நோட்டீசைப் பற்றிச் சொன்னான். வேலாத்தாள் பத்திரிகையை மடித்து உறைக்குள் போட்டாள்.

“லேபர் ஆபீஸ்ல என்ன சொல்றதுன்னு நீங்களே ரோசனை பண்ணிக்குங்க. எரநூறு ஊட்டுக்கும் போயிப் பத்திரிகையத் திருப்பிக் கேக்க மட்டும் என்னால ஆகாதுங்க.”

விசாரணையன்று லேபர் ஆபீசில் ஒரு பக்கம் பெஞ்சில் ஒன்பது பெண்கள், பக்கத்தில் காசிமாயன். இந்தப் பக்கம் தங்கவேலு முதலாளியும் கணக்குப் பார்க்கிற குருசாமியும். முதலாளிக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி காலியாக இருந்தது. அவரே அதைத் தட்டிக் காட்டினார். முதலாளிக்குச் சரியாசனமாகக் கன்னையன் உட்கார்ந்தது அன்றைக்குத்தான்.

மிஷின் கொடுத்தபோது எழுதிய ஒப்பந்தப் பத்திரத்தை மேஜைமேல் வைத்து, “இதுல என்ன எழுதியிருக்குன்னு தெரிஞ்சுதானே கையெழுத்துப் போட்டீங்க?” என்று அதிகாரி கேட்டார்.

அந்தப் பத்திரத்தின் நகலைக் கொட்டகையில் எத்தனையோ தடவை விரித்து வைத்து, படிப்பதுபோலத் தலையாட்டி, பெண்களுக்கு அர்த்தமும் சொல்லியிருக்கிறான். இப்போது ஒன்பது ஜோடிக் கண்களும் அவன் வாயையே பார்த்தன. பக்கத்தில் முதலாளியின் செருப்பு லேசாக ஆடிக்கொண்டிருந்தது.

“இங்கிலீசுங்க. எனக்குப் படிக்கத் தெரியாதுங்க.”

“அடப் பாவி மனுசா! எங்களுக்குப் படிச்சுச் சொன்னியளே!” என்றாள் சீனியம்மாள். பெண்கள் சிரித்தார்கள், முதலாளியும் சிரித்தார். கன்னையனின் காது மடல் எரிந்தது.

அதிகாரி படித்துத் தமிழில் சொன்னார். கடன் தீரும்வரை மிஷின் கம்பெனிக்கே சொந்தம். கூலியைக் கம்பெனிதான் முடிவு செய்யும். வேறு கம்பெனித் துணி தைக்கக் கூடாது.

“ஆள் எடுக்கறது யாரு?”

“குருசாமியண்ணந்தான் அனுப்புவாருங்க.”

“துணி, நூல், கரண்டு?”

“எல்லாங் கம்பெனிதுங்க.”

“அப்ப உங்களுதுன்னு அங்க என்னதான் இருக்கு?”

கன்னையன் உண்மையிலேயே யோசித்துப் பார்த்தான்.

“போர்டு மட்டுந்தானுங்க.”

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை.

“அப்ப நீங்க காண்ட்ராக்டரா?”

அவன் நாற்காலியிலிருந்து எழுந்தான். “இல்லீங்க. நானும் கூலிக்காரன்தானுங்க.”

புகார் கொடுத்தவர்களின் பட்டியலில் பத்தாவதாக அவன் பெயரையும் சேர்க்கச் சொன்னான் காசிமாயன். பத்துப் பேருக்கும் கம்பெனியே கொடுக்க வேண்டும் என்று முடிவாயிற்று. கம்பெனி பதினைந்து நாள் தவணை வாங்கிக்கொண்டது.

மிஷின்கள் அன்று மத்தியானமே கீழே இறங்கின. ஆறாயிரம் கடன் தீர்ந்தது. கட்டிய இரண்டாயிரத்து நானூறும் அதோடு போயிற்று. ஒன்பது பெண்களைக் கீழே சேர்த்துக்கொண்டார்கள், கன்னையனை இல்லை. அவன் அனுப்பர்பாளையம், காந்தி நகர், பி.என். ரோடு என்று கம்பெனி கம்பெனியாக ஏறி இறங்கினான். “லேபர் ஆபீஸ் கன்னையனா? ஆள் வேண்டாம்ப்பா” என்று கேட்டுக்கு வெளியிலேயே பதில் வந்தது. திருப்பூரிலேயே முதல்தரமான ஓவர்லாக் டெய்லர், எட்டு நாள் ரயில்வே ஸ்டேஷனில் பனியன் பண்டல் தூக்கினான். மச்சான் மகள் கல்யாணத்துக்கு வேலாத்தாள் மட்டும் போய்வந்தாள். யார் என்ன கேட்டார்கள் என்று அவள் சொல்லவில்லை, அவனும் கேட்கவில்லை.

பதினாறாம் நாள் கம்பெனி கேட்டில் பட்டுவாடா. சீனியம்மாள், மயிலாள் என்று ஒவ்வொருத்தியாக வாங்கிக்கொண்டு போனார்கள். பத்தாவதாகப் போய் நின்றான் கன்னையன். குருசாமி ரிஜிஸ்டரில் கையெழுத்து வாங்கினார், நிமிர்ந்து பார்க்காமலே விரலை எச்சில் தொட்டுக்கொண்டார்.

“கையை நீட்டு.”

கன்னையன் நீட்டினான். இரண்டு நூறு, ஒரு ஐம்பது, ஒரு பத்து. ஒவ்வொரு தாளாக எண்ணி, விரித்த அந்தக் கையில் குருசாமி வைத்தார்.