வள்ளலும் பாதி வீடியோவும்

லிஃப்ட் கம்பெனியில் அவரை எல்லாரும் வள்ளல் என்றுதான் கூப்பிடுவார்கள். காசு விஷயத்தில் மனுஷன் எச்சில் கையால் காக்கை ஓட்டமாட்டார். படம் விஷயத்தில்தான் வள்ளல். பெயரைச் சொன்னால் போதும், மறுநாள் பென்டிரைவில் கொண்டுவந்து கொடுத்துவிடுவார்.

வீட்டு முன்னறையில் அவருடைய கம்ப்யூட்டர் அணைந்ததே இல்லை. அதில் ஃபைல் ஷேரிங் மென்பொருள் ஓடிக்கொண்டே இருக்கும். முகம் தெரியாதவர்களின் கம்ப்யூட்டரிலிருந்து இவருக்கு வரும். இவரிடமிருந்து அவர்களுக்குப் போகும். பாஷை தெரியாத சமையல் பாடம், தன்னிடம் இல்லாத கேமராவுக்குப் பயிற்சி என்று எதைக் கண்டாலும் அவருக்குக் கை அரிக்கும். இறக்கியதில் முக்கால்வாசியைத் திறந்தே பார்த்ததில்லை. சாப்பாட்டுத் தட்டோடு எழுந்துபோய், எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று பார்த்துவிட்டு வருவார்.

"அது முகத்துல முழிச்சாத்தான் இவருக்கு விடியுது" என்பாள் மனைவி.

வைரஸ் வந்து ஒருமுறை மெஷினே படுத்துவிட்டது. "சட்டப்படியும் தப்பு, மெஷினுக்கும் கேடு. விட்டுடுங்க சார்" என்று கம்ப்யூட்டர் கடைக்காரர் தலையில் அடித்துக்கொண்டார்.

"நான் எடுக்கறதைவிடக் கொடுக்கறதுதான் ஜாஸ்தி. எவன் என்னைக் கேக்கறது?" என்று மீசையை முறுக்கினார் வள்ளல்.

அந்தப் பெருமைதான் வினையாக வந்தது. அவர் சேர்ந்திருந்த குழுவில் எடுத்துக்கொண்டு ஓடுகிறவனுக்கு மரியாதை கிடையாது. அள்ளிக் கொடுப்பவர் பெயர்தான் மேலே நிற்கும். டிஸ்க் நிறைந்து பழைய படங்களை அழித்ததும் அவர் பெயர் கீழே இறங்கிவிட்டது. பொறுக்குமா அவருக்கு? வேலையிடத்தில் மெயின் சுவிட்சை அணைத்து, மாடிக்கு மாடி எச்சரிக்கைப் பலகை மாட்டாமல் லிஃப்ட் குழிக்குள் காலை வைக்காதவர், வீட்டில் முழு டிஸ்க்கையும் பகிரச் சொல்லி ஒரே டிக் போட்டார்.

அந்த டிஸ்க்கில்தான் மகளுடைய வீடியோக்களும் இருந்தன. அவளுக்குப் பேச்சு திக்கும். மருந்துக்கடையில் வேலை பார்த்துக்கொண்டிருந்தவளுக்குக் கூரியர் ஆபீஸ் கவுன்டர் வேலைக்கு இன்டர்வியூ வந்திருந்தது. அதற்காகக் கேமரா முன் உட்கார்ந்து பேசிப் பழகினாள். ஒன்றில் தன் பெயரிலேயே சிக்கி, மேசையைக் குத்தி, அழுதுகொண்டே பாதியில் எழுந்து போயிருந்தாள்.

எவனோ ஒரு புண்ணியவான் அதை எடுத்து, சிரிப்புச் சத்தம் சேர்த்து ஊருக்கெல்லாம் அனுப்பிவிட்டான். மருந்துக்கடையில் கூட வேலை பார்க்கிறவளே அதை அவளிடம் காட்டினாள்.

வீட்டுக்கு வந்த மகள் அப்பாவிடம் போனை நீட்டினாள். வீடியோவில் அவள் தலைக்குப் பின்னால் அவருடைய டூல்ஸ் பை தொங்கிக்கொண்டிருந்தது. வள்ளல் பதறிப்போய் மென்பொருளைத் திறந்தார். அவரிடமிருந்து அதிகம் பேர் எடுத்துக்கொண்டு போன ஃபைல் அதுதான். குழுவில் அவர் பெயர் எல்லாருக்கும் மேலே இருந்தது. அதைப் பார்த்ததும் எழுந்து கம்ப்யூட்டர் வயரைப் பற்றினார்.

"இந்தச் சனியனை ஒடச்சுப் போட்டுடறேன் பாப்பா!"

"ஒ... ஒடச்சா, போனது திரும்பி வந்துடுமாப்பா?"

அவர் குரல் இறங்கியது. "இன்டர்வியூவெல்லாம் வேணாம்மா. கொஞ்ச நாள் வீட்டோட இரு. எல்லாரும் மறந்துடுவாங்க."

அதைக் கேட்டதும்தான் அவளுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது.

"நா... நான் எதுக்கு ஒளியணும்? தப்பு பண்ணது நீங்க. சிரிச்சது அ... அவங்க. நான் பேசத்தானே செஞ்சேன்?"

"கேக்கறா இல்ல? பதில் சொல்லுங்க" என்றாள் மனைவி.

மகள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து கேமராவைப் போட்டாள். அதே பெயரில், அதே இடத்தில் சிக்கினாள். இந்த முறை எழுந்திருக்கவில்லை. நின்று, மூச்சு விட்டு, கடைசி வரைக்கும் சொல்லி முடித்தாள்.

"இதையும் போ... போடுங்க."

"ஊர் சிரிச்சது போதாதா பாப்பா?"

"பாதியைப் பார்த்துச் சிரிச்சாங்க. மீ... மீதியையும் பார்க்கட்டும்."

வள்ளல் டிஸ்க் முழுவதற்கும் போட்டிருந்த டிக்கை எடுத்தார். அந்த ஒரு வீடியோவை மட்டும் வைத்தார். உச்சியில் இருந்த அவர் பெயர் ஒரே நொடியில் அடிமட்டத்துக்குப் போனது. வேறு எதையாவது சேர்க்கச் சொல்லிக் கை பரபரத்தது. கையைத் தொடைக்கடியில் வைத்து அழுத்திக்கொண்டார்.

இன்டர்வியூவுக்கு அவரே பைக்கில் கொண்டுபோய் விட்டார். அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்தார். கதவு ஒருக்களித்திருந்தது.

"அந்த வீடியோவுல வந்தது நீங்கதானே?" என்று அதிகாரி கேட்பது காதில் விழுந்தது. வள்ளல் துடித்துப்போய் எழுந்துவிட்டார்.

"ஆ... ஆமா சார். நீங்க பார்த்தது பா... பாதியா, முழுசா?"

அதிகாரி தொண்டையைக் கனைத்தார். "பாதிதான்னு நினைக்கிறேன்."

"அப்ப மீதியை நே... நேர்லயே சொல்றேன். கேளுங்க சார்."

வள்ளல் மறுபடி உட்கார்ந்தார். உள்ளே அவள் தன் பெயரைச் சொல்ல ஆரம்பித்தாள்.