பி.எஃப். பணத்துக்கு ரெண்டு ஆமென்

இதை எழுதலாமா, வேண்டாமா என்று ஆறு வருஷமாக யோசித்துக்கொண்டே இருந்தேன். ஜெபத்தை வைத்துச் சிரிக்கச் சிரிக்க எழுதினால் ஆண்டவர் கோபித்துக்கொள்வாரோ என்று ஒரு பயம். அதைவிடப் பெரிய பயம்... இதில் முதல் தப்பு செய்தது நான்தான்.

போன செவ்வாய்க்கிழமை தாம்பரம் ஸ்டேஷன் படியில் மூச்சு வாங்கி நின்றபோது, "அக்கா" என்று ஒரு குரல். எங்கள் ஜெபக்கூட்டத்து ஜெயசீலி! பக்கத்தில் அவள் மகள், நர்ஸ் உடுப்பில். அந்த வெள்ளை உடுப்பைப் பார்த்ததும் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"அந்த விஷயத்தை எழுதட்டுமா?" என்றேன்.

"எழுதுங்கக்கா. ஆனா நடந்ததை நடந்தபடி எழுதுங்க. நீங்க எப்பவும் உப்பு ஒரு கை ஜாஸ்தி போடுவீங்க."

போடவில்லை. இதோ.

ராஜகீழ்ப்பாக்கத்தில் எங்கள் வீட்டில் வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஜெபக்கூட்டம். பத்துப் பேர், ரெண்டு பாய், ஒரு டேபிள் ஃபேன். வட்டமாக உட்கார்ந்து ஒவ்வொருவராக ஜெபிப்போம். ஒருவர் ஜெபிக்கும்போது குறுக்கே யாரும் பேசக்கூடாது, கண்ணைத் திறக்கவும் கூடாது. அடுக்களையிலிருந்து போண்டா வாசனை வந்தால் ஒருவர் மட்டும் திறப்பார். பெயரைச் சொல்ல மாட்டேன் – என் வீட்டுக்காரர்.

ஜெயசீலியின் கணவர் மறைமலை நகரில் ஒரு கம்பெனியில் வெல்டர். ஒருநாள் வேலைக்குக் கிளம்பியவர் வாசலிலேயே சாய்ந்தார், போய்விட்டார். அவர் விட்டுப்போனது மூன்று – பி.எஃப். பணம், ஒரு பழைய ஸ்கூட்டர், தேவராஜ் அண்ணனிடம் வாங்கிய ரெண்டு லட்சம் கடன்.

தேவராஜ் அண்ணன் ஹார்டுவேர் கடை வைத்திருப்பவர். எங்கள் ஜெபக்கூட்டத்துக்காரர்தான். கெட்டவர் இல்லை; ஒரு பைசா வட்டி கேட்டதில்லை. 'பி.எஃப். வந்ததும் தந்துவிடுகிறேன்' என்று கணவர் எழுதிக் கையெழுத்துப் போட்ட தாள் ஒன்று அவரிடம் இருந்தது. ஆனால், கணவனைப் பறிகொடுத்து நிற்கிற பெண்ணிடம் போய் எப்படிக் கேட்பது? அண்ணனுக்குக் கூச்சம்.

அதனால் ஆண்டவரிடம் கேட்டார்.

அடக்கம் முடிந்து மூன்றாவது வெள்ளி. அண்ணன் முறை வந்தது. இந்தச் சகோதரிக்கு ஆறுதல் தாரும் என்றார். ஆமென் என்றோம். பிள்ளையைக் காத்துக்கொள்ளும் என்றார். ஆமென். பி.எஃப். கிளெய்ம் தடையில்லாமல் சாங்ஷன் ஆகட்டும் என்றார். அதற்கும் ஆமென்.

"அந்தப் பணம் வந்தவுடனே, தகப்பனே, நீர் அறிந்திருக்கிற அந்த ரெண்டு லட்சத்தை, நீர் அறிந்திருக்கிற அந்த அடியான் கையில் சேர்ப்பியும்."

"ஆமென்" என்றேன். எல்லாரையும்விடச் சத்தமாக.

என்ன செய்ய? முப்பது வருஷப் பழக்கம். வாக்கியம் முடிந்தால் வாய் தானாகத் திறக்கிறது.

மறுநாள் காலை அண்ணன் போன் செய்தார். "நேத்து ஆமென் சொன்னீங்களேக்கா... அப்ப நீங்கதான் சாட்சி. ஜெயசீலிகிட்ட ஒரு வார்த்தை சொல்லிடுங்க."

சொன்னேன். இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது. அவள் மகள் அப்போது நர்சிங் முதல் வருஷம். அந்தப் பணம் போனால் படிப்பும் போச்சு என்று எனக்குத் தெரியும். ஆனாலும், போனவருக்குக் கெட்ட பேர் வேண்டாம், கொடுத்துவிடு என்றேன். பத்தாவதோடு நின்ற எனக்குச் சட்டம் என்ன தெரியும்? அவளும் சரி என்றாள். சீக்கிரம் வாங்கிக் கொடுத்துவிடலாம் என்று பி.எஃப். ஆபீசுக்குக் கிளம்பினாள்.

அங்கே கவுண்ட்டரில் இருந்த அம்மா, ஏன் இவ்வளவு அவசரம் என்று கேட்டார்களாம். இவள் எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறாள். என் ஆமென் உட்பட. அந்த அம்மா முதலில் சிரித்தார்களாம். பிறகு உட்காரவைத்து நிதானமாக விளக்கினார்களாம்.

அடுத்த வெள்ளி. அதுவரை வாய் திறந்து ஜெபிக்காத ஜெயசீலி, அன்றைக்கு ஆரம்பித்தாள்.

"தகப்பனே, இறந்துபோனவரோட பி.எஃப். பணம் நாமினிக்குத்தான், அதாவது அவர் பேர் எழுதி வெச்ச எனக்குத்தான். அவர் பட்ட கடனுக்காக அதைக் கோர்ட்டுகூட ஜப்தி பண்ண முடியாது. அவரே தாள்ல எழுதிக் கொடுத்திருந்தாலும் செல்லாது. இது உமக்குத் தெரியும். அண்ணனுக்கும் தெரியப்படுத்தும்."

தேவராஜ் அண்ணன் செருமினார். அவ்வளவுதான் முடியும். குறுக்கே பேசக்கூடாதே!

"கடன் இல்லைன்னு உம்ம சமுகத்துல பொய் சொல்லமாட்டேன். அவர் ஸ்கூட்டரை அண்ணன் எடுத்துக்கட்டும். நாலு தடவை உதைச்சாத்தான் கிளம்பும், அதுக்கும் கிருபை தாரும். மிச்சத்தை என் தையல் காசுல மாசா மாசம் நானே தர்றேன். ஆனா என் பிள்ளையோட படிப்புக்கான அந்தப் பணத்துல யாரும் கை வைக்காதபடி காத்துக்கொள்ளும்."

"ஆமென்!"

எல்லாரையும்விடச் சத்தமாகச் சொன்னது யார் தெரியுமா? தேவராஜ் அண்ணன். அவருக்கும் முப்பது வருஷப் பழக்கமாயிற்றே!

நான் சட்டத்தை மீறிக் கண்ணைத் திறந்தேன். அண்ணன் வாயைக் கையால் மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஜெபம் முடிந்ததும் என் வீட்டுக்காரர் போண்டா தட்டை நீட்டி, "எடுத்துக்கோங்கண்ணே... இந்தத் தடவை சாட்சி பத்துப் பேர்" என்றார். போண்டாவை எடுத்துக்கொண்டே அண்ணனும் சிரித்துவிட்டார்.

ஸ்கூட்டரை அவர் இன்னும் கடை வாசலில் உதைத்துக்கொண்டுதான் இருக்கிறார். ஜெயசீலி மாசம் தவறவில்லை. மகள் வேலைக்குச் சேர்ந்ததும் மிச்சத்தை முடித்துவிட்டார்கள். சட்டம் சொல்லி அல்ல, அவள் சொன்ன வார்த்தைக்காக.

இதை நாலு பேருக்குச் சொல்லுங்கள். கணவரைப் பறிகொடுத்துவிட்டு, பி.எஃப். பணம் கைக்கு வருமுன்னே கடனுக்கு எழுதிக் கொடுக்கப் பார்க்கிற ஏதாவது ஒரு பெண்ணின் காதில் விழட்டும். ஆனால் நடந்தது நடந்தபடியே போகட்டும். கூட்டவும் வேண்டாம், என் மானத்தைக் காப்பாற்றுவதற்காகக் குறைக்கவும் வேண்டாம்.

ஆமென் சொல்வதானால், கடைசி வரி வரை படித்துவிட்டுச் சொல்லுங்கள்.