டின்னில் ஒட்டியிருந்த கடலைத் தோல்

போன மார்கழியில், ஒரு வெள்ளிக்கிழமை காலை ஏற்காட்டில் நடந்தது இது. அங்கே நான் பேக்கரி வைத்திருக்கிறேன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். சேலத்தில் ஒரு பேக்கரியில் மாவு மூட்டை தூக்கச் சேர்ந்து, ஓரமாக நின்று பார்த்தே தொழிலைப் பிடித்துக்கொண்டேன். இன்று சொந்தக் கட்டடம், இரண்டு அடுப்பு. ஏரியைப் பார்க்க வருகிறவர்கள் என் கடை கேக் வாங்காமல் மலை இறங்குவதில்லை. இதைச் சொல்ல எனக்கு என்ன கூச்சம்?

அதற்கு முந்தின வாரம், பக்கத்து மலைக் கிராமமான செம்மநத்தத்தில் சின்னப் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தும் ஒரு டீச்சர் கடைக்கு வந்தார்.

"ஏனுங்கண்ணா, எங்க புள்ளைங்க காயைக் கண்டாலே ஓடுதுங்க. மஃபினுக்குள்ள வெச்சுக் குடுக்க முடியுங்களா?"

"முடியுமான்னா கேக்கறீங்க? தின்னு முடிச்சப்புறம்கூட காய் இருந்தது அதுங்களுக்குத் தெரியாது. பாருங்க."

கிளம்பும்போது டீச்சர் இன்னொன்று சொன்னார். ஒரு பெண் குழந்தைக்கு நிலக்கடலை ஆகாதாம். துளி பட்டாலே உதடு வீங்கி மூச்சு முட்டுமாம். ஒருமுறை சேலத்து ஆஸ்பத்திரிக்கு இறக்கிக் கொண்டுபோய், தப்பிப் பிழைத்ததே பெரிது என்றார்.

"நான் செய்யறதுங்க டீச்சர். ஒரு துணுக்குக் கடலை விழாது" என்றேன். யோசிக்கக்கூட இல்லை.

அன்றிலிருந்து எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. கேரட், பீட்ரூட், சௌசௌ மூன்றையும் துருவிப் போட்டேன். அடிப்பக்கம் சொதசொதவென்று நின்றது. பச்சை வாசனை வேறு. என் மனைவி ஒரு வாய் கடித்துவிட்டு, "ஏனுங்க, இது கேக்குங்களா, பொரியலுங்களா?" என்றாள். சௌசௌவில் உப்புத் தூவித் தண்ணீரைப் பிழிந்து எடுத்தேன். பீட்ரூட் அடுப்பில் சேறு நிறமாகத் திரும்பியது. நம் மலை ஆரஞ்சின் சாறு விட்டதும் சிவப்பு நின்றது. அதன் தோலையும் கொஞ்சம் துருவிப் போட்டதில் பச்சை வாசனை போய்விட்டது. வியாழக்கிழமை ஒரு சின்ன டின்னில், அதாவது குழி குழியாக இருக்கும் கேக் தட்டில், சோதனைக்குச் சுட்டேன். மனைவி ஒன்றைத் தின்று முடித்துவிட்டு இரண்டாவதை எடுத்தாள். பாஸ் என்று அர்த்தம்.

மறுநாள் காலை பெரிய டின்களில் மஃபின் சுட்டு, அட்டைப்பெட்டியில் அடுக்கி, பஸ் கண்டக்டரிடம் கொடுத்தனுப்பினேன். டீச்சர் அந்தப் பக்கம் வாங்கிக்கொள்வார். அப்பாடா என்று அடுத்த வேலைக்கு டின்னை எடுத்தேன்.

எங்கள் தொழிலில் டின்னைக் கழுவ மாட்டோம். தண்ணீர் பட்டால் துரு ஏறும், மாவு ஒட்டும். சூட்டோடு துணியால் துடைத்து எண்ணெய் தடவி வைப்போம். என் டின்கள் வாங்கின நாளிலிருந்து தண்ணீரே பார்த்ததில்லை என்று ஊரெல்லாம் பீற்றிக்கொள்வேன். காகிதக் கிண்ணமும் போட மாட்டேன். போட்டால் ஓரம் சிவக்காது என்பது என் கட்சி.

துணியை விட்டுக் குழியின் அடி ஓரத்தில் அழுத்தித் துடைத்தேன். வெளியே வந்த துணியில் செம்பழுப்பாக ஒரு தோல். நிலக்கடலைத் தோல். இரண்டு நாளைக்கு முன் அதே டின்களில் கடலை கேக் போட்டிருந்தேன்.

அடுத்த டின்னைத் துடைத்தேன். அதிலும் இருந்தது.

டீச்சருக்குப் போன் போட்டேன். தொடர்பு எல்லைக்கு வெளியே என்றது. திரும்பத் திரும்பப் போட்டேன். "நின்னுட்டு என்னத்தப் பாக்கறீங்க? வண்டிய எடுங்க!" என்று மனைவி கத்தின பிறகுதான் கால் நகர்ந்தது.

பனியில் பத்தடிக்கு மேல் தெரியவில்லை. ஒவ்வொரு வளைவிலும் அந்தக் குழந்தையின் உதடு கண்ணுக்குள் வீங்கிக்கொண்டே இருந்தது. முகம்கூடத் தெரியாத குழந்தை. பாதி வழியில் காப்பி மூட்டை ஏற்றிய லாரி எதிரே வந்து நின்றது. ஒதுங்க இடமில்லை. "புள்ளை உசுருங்க, பின்னால எடுங்க!" என்று அலறினேன். டிரைவர் ஒரு கேள்வி கேட்கவில்லை. அப்படியே வளைவு வரைக்கும் பின்னால் எடுத்து வழிவிட்டார்.

வண்டியை வாசலில் போட்டுவிட்டுப் பள்ளிக்குள் ஓடினேன். வாயெல்லாம் துணுக்காகப் பிள்ளைகள் தின்றுகொண்டிருந்தார்கள். வேறு நாளாக இருந்தால் அந்தக் காட்சிக்கு நான் பெருமையில் ஒரு சுற்றுப் பருத்திருப்பேன்.

"கடலை ஆகாத புள்ளை எதுங்க?"

டீச்சர் ஜன்னலோரம் கை காட்டினார். குழந்தை மஃபினைத் தட்டில் பிட்டு வைத்து, குனிந்து, நகத்தால் ஒவ்வொரு கேரட் துருவலாக இழுத்துத் தட்டின் ஓரத்தில் போட்டுக்கொண்டிருந்தாள். தட்டைப் பிடுங்கினேன். அவள் வீறிட்டு அழுதாள்.

"கண்ணு, வாயில வெச்சியா சாமி? கொஞ்சமாச்சும்?"

"இல்லீங்க தாத்தா. கேரட்டெல்லாம் எடுத்துட்டுத் திங்கலாம்னு..."

அவள் கையைச் சோப்புப் போட்டு நானே இரண்டு முறை கழுவிவிட்டேன். எந்தக் குழந்தையும் கண்டுபிடிக்காது என்று சவால் விட்டவன் நான். அவள் கண்டுபிடித்துவிட்டாள். என் கைவேலை அவளிடம் பலிக்காமல் போனதால்தான் அவள் பிழைத்தாள்.

"என்னாச்சுங்கண்ணா?" என்றார் டீச்சர்.

"உப்புக் கூடிப்போச்சுங்க." வாய் தானாகச் சொல்லிவிட்டது. பின்னாலேயே ஒரு குழந்தை, "டீச்சர், இன்னொன்னு!" என்று கை நீட்டியது. டீச்சர் என்னையே பார்த்தார். அங்கிருந்த குட்டி பெஞ்சில் உட்கார்ந்து நடந்ததைச் சொன்னேன்.

குழந்தையின் அம்மாவைக் கூட்டி வந்தார்கள். பக்கத்துத் தோட்டத்தில் காப்பிப் பழம் பறித்துக்கொண்டிருந்தவர், இடுப்பில் கட்டிய சாக்கோடு ஓடிவந்தார். மகளின் உதட்டை, நாக்கை, கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எவ்வளவு திட்டினாலும் வாங்கிக்கொள்வது என்று நின்றேன். அவர் திட்டவில்லை. டின்னை எப்படித் துடைப்போம், எந்தத் துணி, எந்தப் பிரஷ் என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். கேட்டு முடித்துவிட்டு,

"நான் எல்லா எடத்துலயும் கேக்கறேனுங்க. கேட்ட ஒடனே இல்லைம்பாங்க. யாரும் உள்ள போய்ப் பாத்துட்டு வந்து சொன்னதில்லீங்க" என்றார்.

கோபமே இல்லாமல் சொன்னார். அதுதான் தைத்தது. நான் எதைப் போட்டேன் என்பது மட்டும் எனக்குத் தெரிந்திருந்தது. டின்னில் ஏற்கெனவே என்ன இருக்கிறது என்று நான் பார்க்கவே இல்லை.

இப்போது அந்தப் பிள்ளைகளுக்கென்று தனி டின், தனித் துணி, தனிப் பிரஷ் வைத்திருக்கிறேன். அந்த டின்களைச் சோப்புப் போட்டுக் கழுவி அடுப்புச் சூட்டில் காயவைக்கிறேன். துரு ஏறாமல் வைத்துக்கொள்ளவும் ஒரு வழி கண்டுபிடித்துவிட்டேன், அதில் என்னை அடிக்க ஆளில்லை. ஆனால் யாராவது வந்து "இதுல கடலை இருக்குங்களா?" என்று கேட்டால், இன்றும் என் நாக்கில் முதலில் வந்து நிற்பது "இல்லைங்க" என்பதுதான். அதை விழுங்கிக்கொண்டு உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வரும் அந்த நாலு அடி நடையைத்தான், இத்தனை வருடத் தொழிலில் நான் கடைசியாகக் கற்ற, முதலிலேயே கற்றிருக்க வேண்டிய பாடமாக நினைக்கிறேன்.