ஆடாத கோடு

அவளுக்குக் கடுகு என்று பெயர் வைத்தது அண்ணன். ஆள் சிறிசு, சூடு பட்டால் வெடிப்பாள், வெடித்தால் நாலு பக்கமும் தெறிக்கும். பள்ளிக்கூடம் போகிற வயதில், மளிகைக்கடைக்காரர் தராசுத் தட்டை விரலால் அழுத்துவதைப் பார்த்துவிட்டுக் கடைவாசலில் நின்று தெருவையே கூட்டினாள். அம்மா முதுகில் ரெண்டு வைத்து, ஒரு பிடி சர்க்கரைக்கு இத்தனை ஆர்ப்பாட்டமா என்று கேட்டாள். “சர்க்கரை இல்லம்மா, விரலு” என்றாளாம் கடுகு. அந்தப் பதில் குடும்பச் சொத்தாகிவிட்டது. யாராவது ஏமாற்றினால் அந்த வீட்டில் இன்றைக்கும் “விரலு” என்பார்கள்.

அப்பா வேலை பார்த்த ஆலை மூடியபோது அண்ணன் பேருந்து ஓட்டப் போனார். இரட்டை ஷிப்ட் பார்த்துத் தங்கையைக் கணிதம் படிக்கவைத்தார். கணக்குப் படித்து என்ன கிழிக்கப் போகிறாய் என்று கேட்ட சொந்தக்காரரிடம், நீங்கள் வாங்குகிற வட்டியைச் சரிபார்க்கப் போகிறேன் என்றாள். அதன்பிறகு அந்தக் கேள்வியை யாரும் கேட்கவில்லை. கல்யாணம் எப்போது என்று கேட்டவர்களுக்கு அவள் சொன்ன பதிலை இங்கே அச்சிட முடியாது.

படித்து முடித்து ஒரு முதலீட்டு நிறுவனத்தில் சேர்ந்தாள். தொழிலாளர்களின் ஓய்வுக்காலப் பணத்தை வாங்கி, பங்கிலும் கடன் பத்திரத்திலும் போட்டு வளர்த்துத் தருவதாகச் சொல்லும் நிறுவனம். எதில் போட்டால் எவ்வளவு ஆபத்து என்று கணக்குப் போடும் மாடலை எழுதியது கடுகுதான். பேருந்துத் தொழிலாளர்களின் நிதியும் அங்கேதான் இருந்தது. பணத்தை எங்கே போடுவது என்பதை டிப்போவில் கூட்டம் போட்டுக் கையைத் தூக்கி முடிவு செய்வார்கள். அந்தக் கமிட்டியில் அண்ணனும் ஒருவர். தங்கச்சி கணக்கு தப்பாது என்று அவர் சொல்லிச் சொல்லியே டிப்போவில் பாதிப் பேருக்கு அவளை முகம் தெரியாமலே தெரியும்.

அவள் எழுதிய மாடலில் மந்திரம் ஒன்றும் இல்லை. ஒரு பங்கின் விலை தினமும் எவ்வளவு ஆடுகிறது என்று பார்க்கும். தாறுமாறாகக் குதித்தால் ஆபத்து. அதிகம் ஆடாவிட்டால் பத்திரம். சந்தை மூடியிருக்கும் நாளில் விலை வராது. அந்தக் காலிக் கட்டத்தில் நேற்றைய விலையையே போட்டு நிரப்பிக்கொள்ளும். இந்தத் தொழிலில் எல்லாரும் செய்வதுதான். ஒரு நாள் விடுமுறைக்காகக் குடி முழுகிவிடாது.

அண்ணன் ஓய்வு பெற ஒரு வருஷம் இருந்தபோது அது நடந்தது. அலுவலகக் கூட்டத்தில் திரையில் பத்திரமான முதலீடுகளின் வரிசை வந்தது. முதலிடத்தில், கடுகு ஒருநாளும் மாடலில் சேர்க்காத ஒன்று இருந்தது. கிடங்குகளையும் அலுவலகக் கட்டடங்களையும் வாங்கி வாடகைக்கு விடும் கட்டட நிதி. விற்பனைப் பிரிவு அவளைக் கேட்காமலே அதை மாடலுக்குள் தள்ளியிருந்தது.

கட்டடத்துக்குத் தினசரி விலை கிடையாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை மதிப்பீட்டாளர் வந்து, சுவரைப் பார்த்து, வாடகையைப் பார்த்து ஒரு விலை சொல்லிவிட்டுப் போவார். நடுவில் உள்ள நாளெல்லாம் காலி. மாடல் அத்தனை காலியையும் நேற்றைய விலையால் நிரப்பியது. வரைபடத்தில் மேசை விளிம்பு மாதிரி ஒரு கோடு. விலை தெரியவில்லை என்பதை விலை மாறவில்லை என்று படித்துக்கொண்டு, இதைவிடப் பத்திரம் எதுவுமில்லை என்று மாடல் சத்தியம் செய்தது. அந்த நிதியில் போட்ட பணத்தை நினைத்த நேரத்தில் எடுக்கவும் முடியாது. ஆனால் நிறுவனத்துக்குக் கட்டணம் மூன்று மடங்கு.

கடுகு நேராக முதலீட்டுப் பிரிவின் தலைவர் அறைக்குப் போனாள். அவருக்கு அலுவலகத்தில் சாந்தசொரூபி என்று பெயர். கட்டடமே தீப்பிடித்தாலும், மின்தூக்கிக்கு வரிசையில் நில்லுங்கள் என்று சொல்லக்கூடியவர். அவள் சொன்னதையெல்லாம் தலையை ஆட்டிக் கேட்டார்.

“மாடல் நீங்க பண்ணதுதானே மேடம்? நாங்க ஒரு எழுத்துகூட மாத்தலையே.”

“பங்குக்குப் பண்ணது சார். மூணு மாசமா விலையே வராத பொருளுக்கு யாரு போடச் சொன்னா?”

“ஜனங்க சந்தைக்குப் பயப்படறாங்க. அவங்களுக்கு நிம்மதி வேணும். நாம நிம்மதி குடுக்கறோம்.”

“நிம்மதி இல்ல சார் அது, மயக்க ஊசி.”

“கோவப்படாதீங்க” என்றார். அடுத்த வாரம் டிப்போ கூட்டத்தில் பேருந்துத் தொழிலாளர்கள் மொத்த நிதியையும் இதற்கு மாற்றப்போகிறார்கள் என்றும், அதற்காக ஆளாளுக்குப் பேசி ஆதரவு திரட்டியதே அவள் அண்ணன்தான் என்றும் பூவிலும் மென்மையான குரலில் சொன்னார். “உங்க மாடல்னு சொன்னதும் அவருக்கு எவ்வளவு பெருமை தெரியுமா?”

அவளுக்குக் காது மடல் வரைக்கும் எரிந்தது. தராசில் விரலை வைத்திருக்கிறார்கள். அதுவும் அவள் விரலை.

அன்று சாயங்காலமே அண்ணன் வீட்டுக்குப் போனாள். அவர் அப்போதுதான் வேலை முடிந்து வந்து, பெல்ட்டைத் தளர்த்திக்கொண்டு நாற்காலியில் சாய்ந்திருந்தார். அண்ணி தண்ணீர் கொண்டுவந்தாள். நாத்தனார் முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடிப்பதைப் பார்த்துவிட்டு, “இன்னைக்கு யாரு மாட்டினாங்க?” என்றாள். கடுகு ஆபத்து, சராசரி, விலகல் என்று ஆரம்பித்தாள். அண்ணனுக்கு ஒன்றும் ஏறவில்லை. பிறகு காலிக் கட்டத்தையும் நேற்றைய விலையையும் சொன்னாள். அண்ணன் மெதுவாக நிமிர்ந்து உட்கார்ந்தார்.

“அப்ப முள்ளு ஒட்டிக்கிட்ட மீட்டரா அது?”

“ஆமாண்ணா.”

“டேங்க்ல என்ன இருக்குன்னு தெரியாது. முள்ளு மட்டும் அரையிலயே நிக்குது.”

“ஆமா.”

“அத நம்பித்தான் டிப்போ முழுக்க நான் கை தூக்கச் சொன்னேனா?” அவர் குரல் உயர்ந்து அவள் கேட்டதில்லை. “உன் பேரச் சொல்லித்தானே சொன்னேன். ஒரு வார்த்த என்கிட்ட கேட்டியா, எங்க பணம் எங்க போகுதுன்னு?”

அவளுக்கே இன்றைக்குத்தான் தெரியும் என்று சொன்னாள். தெரிந்துகொள்வதுதானே உன் வேலை என்றார். அண்ணி இருவருக்கும் நடுவே தட்டை வைத்து, சாப்பிட்டுவிட்டுச் சண்டை போடுங்கள் என்றாள். யாரும் தொடவில்லை.

டிப்போ கூட்டம் ஷிப்ட் மாறும் நேரத்தில், உணவுக்கூடத்தில் நடந்தது. டீசல் வாசனை, பிளாஸ்டிக் நாற்காலிகள், சுவரில் திரை. சாந்தசொரூபி கோட்டைக் காட்டினார். பங்குச் சந்தையின் கோடு ரம்பப் பல் போல. பக்கத்தில் கட்டட நிதியின் கோடு, இஸ்திரி போட்டது மாதிரி. கூடத்தில் ஒரு பெருமூச்சு ஓடியது. வாழ்நாள் முழுக்கக் குலுங்கிக் குலுங்கி வண்டி ஓட்டியவர்களுக்கு அந்தக் கோடு கண்ணுக்கு அவ்வளவு குளிர்ச்சி.

அண்ணன் எழுந்து, தான் சொன்னதைத் திரும்ப எடுத்துக்கொள்வதாகச் சொன்னார். சும்மா விடுவார்களா?

“நேத்து வரைக்கும் தங்கச்சி கணக்குன்னு தலையில தூக்கி வச்சு ஆடுனியே, இப்ப என்ன கழுத்து சுளுக்கிக்கிச்சா?” என்றார் ஒரு நடத்துநர். கூடம் சிரித்தது. அண்ணன் முகம் சுருங்கியதைச் சுவரோரம் உட்கார்ந்திருந்த கடுகு பார்த்தாள். எழுந்துவிட்டாள்.

அவள் கத்தினாள். கட்டணம் மூன்று மடங்கு என்று கத்தினாள். உள்ளே போன பணம் வெளியே வர வழியில்லை என்று கத்தினாள். தன் மாடலையே பொய் என்றாள். கையை இங்கும் அங்கும் ஆட்டினாள், சொற்கள் ஒன்றை ஒன்று முட்டிக்கொண்டு வந்தன. சாந்தசொரூபி கைகளைக் கோத்துக்கொண்டு நின்றார். அவள் மூச்சு வாங்க நிறுத்தியபோது, மேடத்துக்கு அலுவலகத்தில் கொஞ்சம் வேலைச் சுமை என்றார், அனுதாபத்தோடு.

அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. அந்தக் கூடமும் அதே மாடலில்தான் ஓடிக்கொண்டிருந்தது. ஆடுகிறவள் ஆபத்து; ஆடாதவர் பத்திரம்.

ஆனாலும் அண்ணன் சொல்லுக்குக் கொஞ்சம் மரியாதை மிச்சம் இருந்தது. எதற்கு வம்பு, பாதி மட்டும் போடுவோம் என்று யாரோ சமாதானம் சொன்னார்கள். எல்லாரும் கை தூக்கினார்கள். பாதிக் கிணறு தாண்டுவது என்று கேள்விப்பட்டிருக்கிறோம். கையைத் தூக்கி, ஏகமனதாக, நிம்மதியாகத் தாண்டியதை அன்றைக்குத்தான் கடுகு பார்த்தாள்.

வெளியே வண்டிகளுக்கு நடுவே அண்ணன் சொன்னார்: “நீ கத்தாம சொல்லியிருந்தா கேட்டிருப்பாங்க.”

அந்த ஒரு வாக்கியத்துக்காக அவள் பல மாதம் அவர் வீட்டுப் பக்கம் போகவில்லை. நிறுவனம் அவளை மாடலிலிருந்து எடுத்து, விளம்பரத் தாளில் எழுத்துப்பிழை பார்க்கும் மூலைக்கு மாற்றியது. நிம்மதியான வளர்ச்சி, நிம்மதியான ஓய்வு என்று வந்த முதல் தாளில் எழுத்துப்பிழை எதுவும் இல்லை, மற்றதெல்லாம் பிழை என்று எழுதிக் கொடுத்துவிட்டு வேலையை விட்டாள். ஒரு காப்பீட்டு நிறுவனத்தில் சம்பளம் குறைவாகச் சேர்ந்தாள்.

அடுத்த வருஷம், அண்ணன் ஓய்வு பெற ஒரு மாதம் இருக்கும்போது, கட்டட நிதி, யாருக்கும் பணம் திருப்பித் தர முடியாது என்று கதவை மூடியது. கிடங்குகள் பல மாதமாகக் காலி, வாடகை வரவில்லை. மதிப்பீட்டாளர் வந்தார், சுவரைப் பார்த்தார், புது விலையைச் சொன்னார். இஸ்திரி போட்ட கோடு ஒரே நாளில் மூன்றில் ஒரு பங்கு கீழே விழுந்தது. விழுந்ததைப் பார்த்த மாடல், இது மிக ஆபத்தான முதலீடு என்று மறுநாள் காலையில் எச்சரித்தது. பிணத்துக்கு ஜுரம் இருக்கிறதா என்று பார்த்த கதை. அண்ணனின் ஓய்வுப் பணத்தில் பாதி உள்ளே மாட்டிக்கொண்டது. எப்போது வரும் என்று கேட்டவர்களுக்கு, பொறுமை வேண்டும் என்று பதில் வந்தது.

பொறுமை கேட்ட அதே ஆள் டிப்போவில் மறுபடியும் கூட்டம் போட்டார். கமிட்டி விதிப்படி ஒவ்வொரு உறுப்பினரும் ஆலோசகர் ஒருவரை அழைத்து வரலாம். அண்ணன் தொலைபேசியில் அழைத்து, வா என்று மட்டும் சொன்னார். கடுகு போனாள்.

சாந்தசொரூபி அதே சட்டை மடிப்போடு வந்திருந்தார். யாராலும் முன்கூட்டி அறிய முடியாத நிகழ்வு என்றார். மாடலும் சில நேரம் தவறும் என்றார். அந்த நஷ்டத்தை ஈடுகட்ட நல்ல வழி இருக்கிறது என்று சொல்லித் திரையை மாற்றினார். இப்போது கட்டடம் இல்லை. சிறு நிறுவனங்களுக்குக் கடன் கொடுக்கும் நிதி. வரைபடத்தில் ஒரு கோடு. மேசை விளிம்பு மாதிரி. மிச்சம் இருக்கும் பாதியை இதில் போடலாம் என்றார். ஆட்டைக் கடித்து, மாட்டைக் கடித்து, கடைசியில் மனுஷனையே கடிக்க வந்திருந்தது.

போன வருஷம் பெருமூச்சு விட்ட கூடம் இப்போது அந்தக் கோட்டை வெறித்துப் பார்த்தது. சிலருடைய கண்ணில் பழைய ஆசை இன்னும் இருந்தது. பணத்தை இழந்தவனுக்கு நிம்மதி இன்னும் அதிகமாகத் தேவைப்படும் என்று அந்த ஆளுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. கத்தக் கூடாது என்று கடுகு பல்லைக் கடித்துக்கொண்டாள்.

அண்ணன் திரும்பிப் பார்த்தார். “கடுகு, எழுந்திரு.”

“நான் மெதுவா சொல்றேண்ணா.”

“வேணாம். போன தடவ தப்பா சொல்லிட்டேன். இப்ப கத்து.”

அவள் எழுந்தாள். இந்தக் கடன்களுக்கு விலை எத்தனை நாளைக்கு ஒருமுறை வருகிறது என்று சாந்தசொரூபியைக் கேட்டாள். அது ஒரு தொழில்நுட்ப விஷயம் என்று அவர் தொடங்கினார். எத்தனை நாளைக்கு ஒருமுறை என்று மறுபடியும் கேட்டாள், திரை அதிர. கோவப்படாதீங்க மேடம் என்றார் அவர்.

“ஏன் படக்கூடாது? முள்ளு ஒட்டிக்கிச்சுன்னு தெரிஞ்சே வண்டிய குடுத்தீங்க. நடுரோட்டுல நிக்குறாங்க. அடுத்த வண்டியும் அதே மீட்டரோட கொண்டு வந்திருக்கீங்க. இவங்க கோவப்படாம வேற என்ன பண்ணணும், கை தட்டணுமா?”

யாரும் சிரிக்கவில்லை. சாந்தசொரூபி முதல் தடவையாகக் கோத்திருந்த கையைப் பிரித்தார். கூடத்தின் கடைசி வரிசையில், போன வருஷம் கழுத்து சுளுக்கைப் பற்றிக் கேட்ட அந்த நடத்துநர் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்து நின்றார்.

“இன்னும் சத்தமா சொல்லும்மா” என்றார். “பின்னாடி கேக்கல.”