ஹேமசிறி சித்தப்பா வெள்ளையடித்த மடு

எங்கள் பரம்பரையில் பிறந்த எவரையும் விட்டுவிடலாகாது என்பதால் மட்டுமே, என் தந்தையின் தம்பி ஹேமசிறிக்கும் இங்கே இடமளிக்கிறேன். இலங்கையின் சிங்கராஜ மழைக்காட்டின் அடிவாரத்தில் பிறந்து, ஒரு வேலையையும் தம் கையால் முடிக்காமல், எல்லா வேலைக்கும் தலைமை தாங்கியே அவர் ஆயுளைக் கழித்தார்.

அவருடைய காணியின் எல்லையில் நிழல் மூடிய நீர்மடு ஒன்று இருந்தது. இந்தத் தீவைத் தவிர வேறெங்கும் இல்லாத, சுண்டுவிரலினும் சிறிய கறுப்பு மஞ்சள் தும்பி அங்கே வாழ்ந்தது. அதைப் பார்க்கக் கொழும்பிலிருந்து ஒரு குழு வருவதாகச் செய்தி வந்தது. தும்பி கண்ணில் பட்டால் வருடந்தோறும் வந்து சித்தப்பா வீட்டில் தங்குவதாகச் சொல்லியிருந்தார்கள். நந்தாவதி சித்தியின் மிளகுத் தோட்டத்தை விற்று, வாடகைக்கு விடவென்று அவர் கட்டிய இரண்டு அறைகளில் அதுவரை ஒருவரும் படுத்ததில்லை.

விருந்தாளி வருமுன் எங்களூரில் செய்வதையே அவரும் செய்தார்: ஊரார் கூலி வாங்காமல் சேர்ந்து உழைக்கும் சிரமதானம் கூட்டினார். நாற்காலியில் அமர்ந்தபடி, மடுவின்மேல் தொங்கிய கொடி, கிளை, பெரணி அனைத்தையும் வெட்டுவித்தார். பாறைக்குச் சுண்ணாம்பு பூசுவித்தார். தென்னங்குருத்துத் தோரணமும் ஏறியது.

"என்ன அண்ணே, மடுவுக்குக் கலியாணமா? மாப்பிள்ளை யாரு, தவளையா?" என்றான் பக்கத்து வீட்டுப் பந்துல.

"உனக்கெல்லாம் சுத்தம்னா என்னன்னு தெரியுமாடா?"

குழு வந்தது. வெயில் நேராக மடுவில் இறங்கிக்கொண்டிருந்தது. தும்பி ஒன்றுகூட இல்லை. வயலில் சாதாரணமாகப் பறக்கும் சிவப்புத் தும்பியைக் காட்டி, "இதுதான் அது. வெயில்ல நிறம் மாறிடும்" என்றார் சித்தப்பா, கூசாமல்.

குழுவின் தலைவி ரேணுகா சிரிப்பை அடக்கிக்கொண்டாள். "அங்கிள், அது தண்ணிக்கு மேல தொங்குற இலையிலதான் முட்டை வைக்கும். நீங்க ஒரு இலையைக்கூட மிச்சம் வைக்கலியே!"

பாற்சோற்றையும் பணியாரத்தையும் மரியாதைக்காகத் தின்றுவிட்டு அவர்கள் புறப்பட்டபோது, பந்துலவின் கொல்லையில், செடி அடர்ந்து பாழடைந்த கிணற்றின்மேல் அதே தும்பி அமர்ந்திருப்பதைக் கண்டார்கள். மாலைவரை அங்கேயே கிடந்தார்கள். பிறகு ரேணுகா திரும்பிவந்து, அறைகள் கிடைக்குமா என்று பணிவாகக் கேட்டாள்.

"அவன் பாழுங்கிணத்தைப் பார்க்க வந்தவங்களுக்கு என் வீட்ல இடமில்ல!"

"ஐயோ, வாயை மூடுங்களேன்! அந்த அறை என் மிளகுக்கொடி!" என்று சித்தி கத்தினாள். அவர் கதவைச் சாத்தினார்.

அன்று அவர்கள் பந்துலவின் முன்கூடத்தில் பாய் விரித்துப் படுத்தார்கள். மறுவருடமும் அங்கேயே வந்தார்கள். தம் வீட்டில் இடம் போதாததால் தாமே அவர்களை அங்கு அனுப்பியதாகச் சித்தப்பா கடைத்தெருவில் சொல்லித் திரிந்தார். சித்தி அவர்களுக்குச் சமைக்கப் போனாள். அங்கிருந்து அவள் கொண்டுவந்த சோற்றைத் தின்றுகொண்டே, கறியில் உப்புக் குறைவென்று சித்தப்பா தாம் இறக்கும்வரை குறை கூறினார்.