முகம் இல்லாத நாற்பது மணி நேரம்

பொன்னுத்தாய் அத்தை காணாமல் போன மறுநாள் காலை, அவருடைய மகன் அரவிந்த்குமார் ஹார்ட் டிஸ்க்கும் கையுமாக என் ஜெராக்ஸ் கடைக்கு வந்தான். கந்தர்வக்கோட்டை பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே என் கடை. ஞாபக மறதி முற்றிய அம்மாவைத் தேட நோட்டீஸ் அடிக்க வேண்டும். அதற்கு ஒரு போட்டோ வேண்டும். ஆதாரில் இருப்பது பத்து வருடத்துக்கு முந்தைய கறுப்பு நிழல். அது யாரென்று பெற்ற மகனுக்கே சந்தேகம். போலீஸ் ஸ்டேஷனிலும் வேறு படம் கேட்டுத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

"நாப்பது மணி நேரம் ஆத்தாவப் படம் எடுத்திருக்கேன்டா. ஒரு மொகமாவது கெடைக்காமயா போயிரும்?" என்றான்.

எனக்கு அப்போதே நம்பிக்கை இல்லை. அவன் படங்களைப் பார்த்த நாலைந்து பேரில் நானும் ஒருவன்.

அவன் படத்தில் கதை கிடையாது, வசனம் கிடையாது, பாட்டு கிடையாது. முக்கியமாக, முகம் கிடையாது. முந்திரிக்கொட்டை உடைக்கும் கை, வரப்பில் போகும் கால், பஸ்ஸுக்குக் காத்திருக்கும் முதுகு, அவ்வளவுதான். கேமராவை நட்டுவைத்தால் பதினொரு நிமிடம் அசைக்க மாட்டான். "மொகத்தக் காட்டுனா சனங்க கதை தேட ஆரம்பிச்சிருவாங்க" என்பான். ஏதோ வெளிநாட்டு விழாவில் பாராட்டினார்களாம். ஊரில் திரையிட்டபோது நான் நன்றாகத் தூங்கினேன். செல்போனில் படம் எடுப்பதை அவன் மதிக்கவே மாட்டான். புருஷன் போனதிலிருந்து எந்தக் கல்யாண போட்டோவிலும் நிற்காத அத்தை, மகனுக்காக ஆறு வருடம் முதுகைக் காட்டி நின்றார்.

ஓட்டி ஓட்டிப் பார்த்தோம். கை, கழுத்து, நரைத்த கொண்டை. மத்தியானம் புதுக்கோட்டை பஸ் ஸ்டாண்டிலிருந்து, வாட்ஸ்அப்பில் நாங்கள் போட்ட தகவலைப் பார்த்து யாரோ கூப்பிட்டார்கள். இங்கே ஒரு அம்மா தனியாக உட்கார்ந்திருக்கிறார், போட்டோ அனுப்புங்கள் என்றார்கள். அனுப்ப எங்களிடம் எதுவுமில்லை. பத்து நிமிடத்தில் அந்த அம்மா எழுந்து போய்விட்டதாக மறுபடி போன் வந்தது.

"பெத்த தாயி மொகத்த ஒருக்காவாவது எடுத்திருக்கக் கூடாதாடா?" என்று கத்திவிட்டேன். அவன் கடித்த நகத்தில் ரத்தம் வந்திருந்தது. அடுத்த ஃபைலைத் திறந்தான்.

முந்திரித் தோப்பு. அத்தை நடந்துபோகிறார். சட்டென்று நின்று, கேமரா பக்கம் திரும்புகிறார். ஃபோகஸ் கேமராவுக்குப் பக்கத்து மரத்தில் இருந்ததால் முகம் மங்கல். ஆனால் நெருங்கி வருகிறார். ஒவ்வோர் அடிக்கும் முகம் தெளிந்துகொண்டே வருகிறது. அரவிந்த் எழுந்து நின்றுவிட்டான். இன்னும் இரண்டே அடி.

"ஏய்யா, இது எந்த ஊரு? வீட்டுக்கு வழி தெரியலையே."

கேமராவுக்குப் பின்னாலிருந்து அவன் குரல்: "ஆத்தா, இங்கிட்டுப் பாக்காத. அங்கிட்டுத் திரும்பி நட."

"திரும்பாத ஆத்தா, திரும்பாத!" மானிட்டரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அவன் அலறினான்.

மகன் அன்று சொன்னதைத் தட்டாமல் அத்தை திரும்பி நடந்தார்.